கால்களைப் படித்தவள் கால் கோடில் தடுமாறினால்: கோபி வாசகிக்கு ஒரு பதில்

கோபிச்செட்டிபாளையம் பக்கத்துக் கிராமத்திலிருந்து ஒரு வாசகி ஆறு பக்கத்துக்குக் கடிதம் எழுதியிருக்கிறார். பெயர் வேண்டாம் என்று கேட்டதால் விட்டுவிட்டேன், ஆளைக் காட்டிக்கொடுக்கும் சில விவரங்களையும் மாற்றியிருக்கிறேன். வயது 24. பிசியோதெரபி பட்டம் முடித்தவர். எட்டு மாதமாகக் கோவை சரவணம்பட்டியில் ஒரு நிறுவனத்தில் மெடிக்கல் கோடர். அமெரிக்க எலும்பு மருத்துவர்கள் எழுதிவைக்கும் வெளிநோயாளி குறிப்புகளை, அதாவது சார்ட்டுகளைப் படித்து, அதில் உள்ள நோய்க்கும் காயத்துக்கும் உரிய குறியீடான ஐசிடி கோடைப் போடுவது வேலை. அந்தக் கோடை வைத்துத்தான் அங்கே காப்பீட்டுப் பணம் வரும்.

ஆறு மாதம் நன்றாகப் போயிருக்கிறது. அப்புறம் பாதம், கணுக்கால் சார்ட்டுகளுக்கு மாற்றினார்கள். 95 சதவீத அக்யூரசி வேண்டிய இடத்தில் முதல் மாதம் 88, அடுத்த மாதம் 86. பிஐபி போட்டுவிட்டார்கள், அதாவது குறிப்பிட்ட நாளுக்குள் தேறாவிட்டால் வேலை போகும். போட்ட கோடுகளைச் சரிபார்க்கும் ஆடிட்டில் வந்த 14 தவறுகளையும் வரிசையாக எழுதியிருக்கிறார். டாக்டர் ‘சஸ்பெக்டட் ரப்சர்’ (அறுந்திருக்கலாம் என்று சந்தேகம்) என்று எழுதிய சார்ட்டில் ‘ரப்சர்னே போட்டுரு, இல்லாட்டி கிளெய்ம் நிக்காது’ என்று டீம் லீட் வாயால் சொன்னாராம். சேரும்போது இரண்டு வருட பாண்ட், நடுவில் போனால் ஒரு லட்சம் ரூபாய், அசல் சான்றிதழ்கள் நிறுவனத்தின் கையில். பாண்ட் விஷயம் வீட்டில் யாருக்கும் தெரியாது. மஞ்சளும் வாழையும் வைக்கிற அப்பா, ‘பேசாம ஊருக்கே வந்துரு கண்ணு, இங்கயே ஒரு கிளினிக் வெச்சுக்கலாம்’ என்கிறார். கடிதத்தில் என்னை நிறுத்திய வரி இது: ‘நாலரை வருஷம் காலையும் கையையும் படிச்சவ நான். எனக்கே கால் கோட் தப்பாகுதுன்னா நான் எதுக்கும் லாயக்கில்லைன்னு தோணுதுங்க.’

அம்மணி, அந்த வரிக்கு வருகிறேன். அதற்கு முன்னால் ஒரு அவசர விஷயம். ஆதாரத்துக்கு என்று மூன்று சார்ட்டுகளைக் கைபேசியில் படம் பிடித்து எனக்கு அனுப்பியிருந்தீர்கள். ஒன்றில் நோயாளியின் பெயரும் பிறந்த தேதியும் தெளிவாகத் தெரிந்தன. பார்த்த உடனே அழித்துவிட்டேன். உங்கள் போனிலும், அது தானாகச் சேமித்துவைக்கும் இடத்திலும் இருந்தால் இன்றைக்கே அழியுங்கள், இனி எடுக்கவே எடுக்காதீர்கள். நோயாளியின் தகவலைக் காப்பதற்கு அமெரிக்காவில் 1996இல் வந்த ஹிப்பா சட்டம் இருக்கிறது, அதை மதிப்போம் என்று நீங்களும் சேரும்போது கையெழுத்துப் போட்டிருப்பீர்கள். 86 சதவீதத்துக்கு வேலை போக இன்னும் நாள் இருக்கிறது. இந்தப் படத்துக்கு அன்றைக்கே போய்விடும், உங்கள் பக்கத்து நியாயம் அத்தனையும் அதோடு போய்விடும். சந்தேகம் கேட்கப் படம் தேவையே இல்லை. பெயர் இல்லாமல் நீங்கள் விவரித்த 14 தவறுகளே எனக்குப் போதுமானதாக இருந்தன.

அந்தப் பதினான்கையும் இரண்டு தடவை படித்தேன். நானும் பிசியோதெரபி படித்துவிட்டுக் கோடிங்குக்கு வந்து, இப்போது ஆடிட் செய்கிறேன், புதிதாக வருகிறவர்களுக்குச் சொல்லியும் தருகிறேன். அதனால் சொல்கிறேன்: நீங்கள் பதினான்கு தவறு செய்யவில்லை. மூன்று தவறான எண்ணங்களை வைத்துக்கொண்டு அவற்றைத் திரும்பத் திரும்பச் செய்திருக்கிறீர்கள். அதோடு, ஒரு இடத்தில் ஆடிட்டர்தான் தவறு.

சுளுக்கு என்ற ஒரே சொல்

நம் ஊரில் வரப்பில் கால் பிசகினாலும், கபடியில் மடங்கினாலும், குதிகாலுக்கு மேலே சுரீர் என்று இழுத்தாலும் எல்லாம் சுளுக்குதான். எண்ணெய் போட்டு நீவி விடுகிறவருக்கு அதற்கு மேல் பிரிக்கத் தேவையும் இல்லை. கோடிங்கில் இந்த ஒரு சொல் மூன்று வீட்டுக்குப் போகும். எலும்பை எலும்போடு கட்டும் லிகமென்ட் இழுபட்டால் ஸ்ப்ரெயின், கணுக்காலுக்கும் பாதத்துக்கும் அது எஸ்93. தசையை எலும்போடு கட்டும் டென்டனோ தசையோ இழுபட்டால் ஸ்ட்ரெயின், அது எஸ்96. உங்களுக்கு இது கல்லூரி முதல் வருடப் பாடம், தெரியாமல் இல்லை. ஆனால் மணிக்கு இத்தனை சார்ட் என்று ஓடும்போது கண் ‘ஆங்கிள்’ (கணுக்கால்) என்ற சொல்லைப் பார்த்ததும் கை எஸ்93.4க்குப் போய்விடுகிறது. இரண்டும் சேர்ந்தே அடிபட்டிருந்து டாக்டர் இரண்டையும் எழுதியிருந்தால் இரண்டு கோடும் போடலாம். எஸ்96இன் கீழே எஸ்93ஐ எக்ஸ்க்ளூட்ஸ் 2 என்றுதான் போட்டிருக்கிறார்கள். ‘அது இதற்குள் அடங்காது, தனியாக இருந்தால் தனியாகப் போடு’ என்பது அதன் பொருள். சேர்த்துப் போடவே கூடாது என்பது எக்ஸ்க்ளூட்ஸ் 1. இரண்டையும் நீங்கள் ஒன்றாக நினைத்துவிட்டதுபோல் தெரிகிறது.

மூன்றாவது வீடு அக்கிலீஸ், கெண்டைக்கால் தசையைக் குதிகாலோடு கட்டும் டென்டன். மூன்று தவறு இங்கே போயிருக்கிறது. குதிகாலில் வந்து ஒட்டுவதால் அது பாதத்தைச் சேர்ந்தது என்று எஸ்96.8இல் போட்டிருக்கிறீர்கள். உடற்கூற்றுப்படி யோசித்தால் அப்படித்தான் தோன்றும். கோட் புத்தகம் அதைக் கெண்டைக்கால் பகுதியில், எஸ்86.0 என்று வைத்திருக்கிறது, எஸ்96இன் தலைப்பிலேயே ‘அக்கிலீஸுக்கு எஸ்86.0 பார்’ என்றும் சொல்கிறது. அடிபட்டு அறுந்துபோனால் எஸ்86.01 வரிசை. தலைப்பில் ஸ்ட்ரெயின் என்று இருப்பதைப் பார்த்து ‘ரப்சருக்கு வேறு கோட் இருக்கும்’ என்று தேடி நேரத்தை விடாதீர்கள், வலது கால் அறுந்து சிகிச்சை நடக்கிறது என்றால் எஸ்86.011ஏ. காலின் வெளிப்பக்கத்தில் இருக்கும் பெரோனியல் தசைகளுக்கும் எஸ்86.3 என்று தனி இடம் இருக்கிறது, அதையும் ஒருமுறை பார்த்துவையுங்கள்.

இங்கே ஒரு எச்சரிக்கை. அக்கிலீஸ் என்று கண்டதும் காயங்களுக்கான எஸ் வரிசைக்கு ஓடக் கூடாது. நாள்பட்ட அழற்சி என்றால் எம்76.6. பெரிய அடி எதுவும் இல்லாமல், சாதாரணமாக நடக்கும்போதே பலவீனமான டென்டன் தானாக அறுந்தது என்று டாக்டர் எழுதியிருந்தால் எம்66. சாதாரண விசையில் பலம் குறைந்த திசு அறுந்தால் எம், திசு நன்றாக இருந்து விசை அதிகமாகி அறுந்தால் எஸ். இந்த ஒரு கேள்வியை ஒவ்வொரு சார்ட்டிலும் கேளுங்கள்.

நீங்கள் வைத்திருக்கும் பட்டியலைப் பற்றியும் சொல்ல வேண்டும். இணையத்தில் எடுத்த பிடிஎஃப் என்றும், அதில் எஸ்96க்கு வலது இடது எதுவும் இல்லை என்றும் எழுதியிருக்கிறீர்கள். அது உலக சுகாதார நிறுவனத்தின் மூல ஐசிடி 10 ஆக இருக்க வேண்டும். அமெரிக்கா 2015 அக்டோபர் 1 முதல் பயன்படுத்துவது அதை விரித்து எழுதிய ஐசிடி 10 சிஎம். வலது இடது, ஏழாவது எழுத்து எல்லாம் அதில்தான் உண்டு. ஒவ்வொரு அக்டோபரிலும் அது மாறுகிறது. அந்த பிடிஎஃப்பை இன்றோடு மூடிவிடுங்கள்.

ஏழாவது எழுத்து

கோடின் கடைசியில் வரும் இந்த எழுத்தில்தான் உங்கள் பதினான்கில் எட்டு. பாதிக்கு மேல். ‘ஏ’ என்றால் முதல் விசிட், ‘டி’ என்றால் அடுத்தடுத்த விசிட் என்று நினைத்துப் போட்டிருக்கிறீர்கள். ‘ஏ’க்கு ‘இனிஷியல் என்கவுன்ட்டர்’ (முதல் சந்திப்பு) என்று பெயர் வைத்தால் யார்தான் அப்படி நினைக்க மாட்டார்கள்? நானும் என் முதல் வருடத்தில் இதையேதான் செய்தேன். வழிகாட்டு விதி எத்தனையாவது விசிட் என்று பார்க்கச் சொல்லவில்லை, எந்த டாக்டர் முதல்முறை பார்க்கிறார் என்றும் பார்க்கச் சொல்லவில்லை. காயத்துக்கான சிகிச்சை இன்னும் நடக்கிறதா, இல்லை சிகிச்சை முடிந்து ஆறும் கட்டமா என்று மட்டும்தான் கேட்கிறது.

ஒரு ஆளை நினைத்துக்கொள்ளுங்கள். பனியில் வழுக்கி வலது அக்கிலீஸ் அறுந்து அவசரப் பிரிவுக்குப் போகிறார்: ஏ. ஐந்து நாள் கழித்து எலும்பு மருத்துவர் பார்த்து ஆபரேஷன் என்று முடிவு செய்கிறார், இரண்டாவது விசிட்தான், ஆனாலும் ஏ. ஆபரேஷன் அன்றைக்கும் ஏ. தையல் பிரிக்க வருகிறார்: டி. பிசியோதெரபிக்கு முதல் நாள் போகிறார், அந்த தெரபிஸ்ட் அவரைப் பார்ப்பது முதல்முறைதான், ஆனாலும் டி. ஒரு வருடம் கழித்து அதே காயத்தின் விளைவாக டென்டன் குறுகிப்போய்க் குதிகால் தரையில் படவில்லை என்று வருகிறார்: அப்போது குறுகிப்போன நிலைக்கான எம்67.01 முதலில், கடைசியில் ‘எஸ்’ (பழைய காயத்தின் பின்விளைவு) சேர்த்து எஸ்86.011எஸ் அடுத்து. உங்கள் எட்டில் ஏழு, ஆபரேஷனுக்கு முந்தைய இரண்டாம் மூன்றாம் விசிட்களுக்கு ‘டி’ போட்டது. எட்டாவதில் காயம் ஆறும் கட்டத்துக்கு இசட் வரிசையில் ஆஃப்டர்கேர், அதாவது பின்பராமரிப்புக் கோடைத் தேடியிருக்கிறீர்கள். காயங்களுக்கு அது வேண்டாம், ‘டி’யே அந்த வேலையைச் செய்துவிடும்.

மற்ற இடங்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். எஸ்96க்குப் பிறகு நான்காவது இடம் எந்தத் தசை: 0 விரலை மடக்கும் நீளத் தசை, 1 விரலை நீட்டும் நீளத் தசை, 2 பாதத்துக்குள்ளேயே இருக்கும் சிறு தசைகள், 8 குறிப்பிட்ட வேறு ஒன்று, 9 எதுவென்று சொல்லாதது. ஐந்தாவது என்ன காயம்: 0 சொல்லவில்லை, 1 ஸ்ட்ரெயின், 2 வெட்டு, 9 வேறு. ஆறாவது எந்தக் கால்: 1 வலது, 2 இடது, 9 சொல்லவில்லை. இதை மனப்பாடம் செய்ய வேண்டியதில்லை, நாலு நாள் போட்டால் கை பழகிவிடும்.

எந்தக் கால் என்பதில் இரண்டு தவறு. இன்றைய குறிப்பில் இல்லாததைப் போன மாத விசிட்டிலிருந்து எடுத்துப் போட்டிருக்கிறீர்கள். ஒவ்வொரு விசிட்டும் தன் காலில் நிற்க வேண்டும். அதே விசிட்டின் பதிவில் நர்ஸோ வேறு மருத்துவப் பணியாளரோ பக்கத்தை எழுதியிருந்தால் அதை எடுத்துக்கொள்ளலாம், 2021 அக்டோபரிலிருந்து விதியே அதற்கு இடம் தருகிறது. இரண்டு பேர் இரண்டு பக்கம் எழுதியிருந்தால் டாக்டரிடம் விளக்கம் கேட்டு க்வெரி அனுப்புங்கள்.

பதினான்காவதுதான் ஆடிட்டர் தவறு என்று சொன்னேனே, அது இது. கத்தி விழுந்து வலது பாதத்தில் வெட்டு, விரல் நீட்டும் டென்டனும் அறுந்தது. நீங்கள் எஸ்96.121ஏவும், தோல் காயத்துக்கு எஸ்91.311ஏவும் போட்டீர்கள். டென்டன் ஒன்று போதும் என்று இரண்டாவதை அடித்திருக்கிறார். எஸ்96இன் தலைப்பிலேயே ‘திறந்த காயம் இருந்தால் எஸ்91ஐயும் போடு’ என்று இருக்கிறது. ரிபட்டல், அதாவது ஆடிட்டுக்கு மறுப்பு, போட நாள் இருந்தால் அந்த வரியைக் காட்டி, பணிவாக, நாளைக்கே போடுங்கள். ஒரு புள்ளிதான் கிடைக்கும். ஆனால் புத்தகத்தைக் காட்டிப் பேசுகிறவர் என்று உங்கள் பெயர் பதியும்.

தெரிந்தும் போடக் கூடாத இடம்

டீம் லீட் சொன்ன விஷயத்துக்கு வருகிறேன், இதுதான் எனக்கு மனதை உறுத்துகிறது. ‘நோயாளியைக் குப்புறப் படுக்கவைத்துக் கெண்டையை அழுத்தினால் பாதம் அசையவில்லை, தாம்ப்சன் டெஸ்ட் பாசிடிவ்னு டாக்டரே எழுதியிருக்காரு. அறுந்துதான் இருக்கும்னு எனக்கே தெரியும், அப்புறம் போட்டா என்னங்க?’ என்று கேட்டிருக்கிறீர்கள். பிசியோதெரபிஸ்டாக நீங்கள் நினைப்பது சரியாகவே இருக்கலாம். கோடராக அதைப் போட முடியாது. வெளிநோயாளி சார்ட்டில் ‘சஸ்பெக்டட்’, ‘ப்ராபபிள்’, ‘ரூல் அவுட்’ என்று சந்தேகத்தோடு எழுதப்பட்ட நோயைக் கோட் செய்யக் கூடாது, அந்த விசிட்டில் உறுதியாகத் தெரிந்தது எதுவோ அதுவரைக்கும்தான். அங்கே வலி மட்டும் உறுதி என்றால் வலது கணுக்கால் வலி, எம்25.571. மருத்துவமனையில் படுத்துச் சிகிச்சை பெற்று வீடு திரும்பும் உள்நோயாளிக்கு விதி வேறு, அங்கே டிஸ்சார்ஜ் நேரத்தில் ‘ப்ராபபிள்’ என்று இருந்தாலும் மருத்துவமனைக் கணக்கில் இருப்பதாகவே போடலாம். பயிற்சியில் அதைப் படித்த ஞாபகம்தான் உங்களைக் குழப்பியிருக்கிறது, உங்கள் லீடையும் குழப்பியிருக்கலாம். அவர் கெட்ட எண்ணத்தில்தான் சொன்னார் என்று நான் முடிவு கட்டவில்லை.

ஆனால் ஆபத்தைத் தெரிந்துகொள்ளுங்கள். அந்த நோயாளிக்கு அரசுக் காப்பீடான மெடிகேர் இருந்தால், தெரிந்தே இல்லாததைப் போடுவது 1863 முதல் அங்கே இருக்கும் ஃபால்ஸ் கிளெய்ம்ஸ் சட்டத்தில் போய் நிற்கும். இழப்பைப் போல மூன்று மடங்கு, அதற்கு மேல் ஒவ்வொரு கிளெய்முக்கும் தனி அபராதம். உங்கள் நிறுவனத்துக்கு வேலை தரும் கிளையன்ட் அதில் மாட்டினால் இங்கே யாருடைய லாகினில் கோட் போனது என்று தேடுவார்கள். வாயால் சொன்னவர் பெயர் எங்கேயும் இருக்காது. அதனால் சண்டை போடாமல் ஒரு மெயில் அனுப்புங்கள்: ‘இந்தச் சார்ட்டில் சஸ்பெக்டட் என்று இருக்கிறது. விதிப்படி அறிகுறிக் கோட் போடுகிறேன். ரப்சர் போட வேண்டுமென்றால் டாக்டருக்கு க்வெரி அனுப்பலாமா?’ என்று, நோயாளி பெயர் போடாமல் சார்ட் எண்ணோடு, அலுவலக மெயிலிலேயே. பத்தில் ஒன்பது முறை ‘சரி, க்வெரி போடு’ என்றுதான் பதில் வரும். மறுபடியும் வாயாலேயே வற்புறுத்தினால் குவாலிட்டி பிரிவுக்கோ, நிறுவனத்தில் கம்ப்ளையன்ஸ், அதாவது எல்லாம் விதிப்படி நடக்கிறதா என்று, பார்ப்பவருக்கோ எழுதுங்கள்.

‘எதுக்கும் லாயக்கில்லை’ என்ற வரிக்கு இங்கேதான் பதில். டாக்டர் ஒரு கோடு இழுத்தால் நீங்கள் படத்தையே பார்த்துவிடுகிறீர்கள், எழுதாத மீதியையும் உங்கள் படிப்பு நிரப்பிவிடுகிறது. காலைத் தெரியாதவருக்கு இந்தத் தவறு வராது அம்மணி, வேறு தவறு வரும். எழுதியிருப்பதைப் புரிந்துகொள்ளவும், எதைக் க்வெரியில் கேட்க வேண்டும் என்று கண்டுபிடிக்கவும் அந்தப் படிப்பை வைத்துக்கொள்ளுங்கள். அந்த மாதிரி க்வெரி எழுதத் தெரிந்தவர்கள் எங்கள் வேலையில் குறைவு.

பிஐபி, பாண்ட், சான்றிதழ்

அடுத்த இரண்டு வாரம் வேகத்தை மறந்து, ஒவ்வொரு சார்ட்டிலும் ஏழாவது எழுத்துக்கு முன் ஒரு நொடி நில்லுங்கள். அந்த எட்டு போனாலே உங்கள் தவறு பாதிக்கு மேல் குறைந்துவிடும். என்ன செய்யப்போகிறீர்கள் என்பதைப் பிஐபி கூட்டத்தில் எழுத்தில் கொடுங்கள். மெடிக்கல் கோடர் சான்றிதழுக்கான சிபிசி தேர்வை இந்தக் கலவரத்துக்கு நடுவில் எழுத வேண்டாம். நாலு மணி நேரம், 100 கேள்வி, 70 சதவீதம் வேண்டும், புத்தகம் பார்த்து எழுதலாம். நிதானமான மனதோடு மூன்று மாதம் கழித்து எழுதினால் உங்களுக்குக் கஷ்டமாக இருக்காது.

பாண்ட் பற்றி நான் வக்கீல் இல்லை, தெரிந்ததைச் சொல்கிறேன். ஒரு லட்சம் என்று எழுதியதாலேயே முழு ஒரு லட்சமும் தானாகக் கொடுத்தாக வேண்டும் என்று இல்லை. இந்திய ஒப்பந்தச் சட்டம் 74ஆவது பிரிவு, எழுதிய தொகைக்கு மேற்படாத நியாயமான இழப்பீடு என்றுதான் சொல்கிறது. அதே சமயம் ‘பாண்டெல்லாம் செல்லாது’ என்று ஹாஸ்டல் தோழிகள் சொல்வதையும் நம்பிவிடாதீர்கள், பயிற்சிக்கு உண்மையிலேயே செலவு செய்திருந்தால் கேட்பார்கள். அவர்களே உங்களை நிறுத்தினால் பணம் கேட்க முடியுமா என்பது உங்கள் பாண்டில் உள்ள வார்த்தையைப் பொறுத்தது, நகல் வாங்கிப் படியுங்கள். அசல் சான்றிதழ்களைப் பிடித்துவைப்பது சரியில்லை. ‘சரிபார்த்தாயிற்று, திருப்பித் தரவும்’ என்று ஹெச்ஆருக்கு மெயில் போடுங்கள். தராவிட்டால் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போகலாம். பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் அங்கே இலவச சட்ட உதவி உண்டு, கோவையிலும் இருக்கிறது, ஈரோட்டிலும் இருக்கிறது.

அப்பா சொல்லும் கிளினிக் தப்பான யோசனை இல்லை. மஞ்சள் வெட்டி, வாழைத்தார் சுமந்து இடுப்பும் முட்டியும் போனவர்கள் உங்கள் பக்கத்தில் எத்தனை பேர் என்று எனக்குத் தெரியும். ஆனால் இடம், கருவி என்று பணம் போட வேண்டும், ஆள் வர ஒரு வருடமாவது ஆகும். இந்த பிஐபியிலிருந்து ஓடி அங்கே போனால் அந்த ஒரு வருடத்தைத் தாங்க மாட்டீர்கள். தேறி வெளியே வந்த பிறகு யோசித்துப் போனால் நான் வேண்டாம் என்று சொல்ல மாட்டேன்.

ஒன்று மட்டும் தள்ளிப்போடாதீர்கள். ஊருக்கு வா என்று அவர் கூப்பிடும்போதெல்லாம் நீங்கள் ‘பாக்கலாம்ப்பா’ என்று மழுப்புகிறீர்கள், பிள்ளைக்கு டவுன் பிடித்துப்போய்விட்டது போல என்று அவர் நினைத்துக்கொண்டிருக்கிறார், நீங்களே அப்படித்தான் எழுதியிருக்கிறீர்கள். ஒரு லட்சம் ரூபாய் கழுத்தில் நிற்பது அவருக்குத் தெரியாது. சரவணம்பட்டியில் சத்தி பஸ் ஏறினால் ராத்திரிச் சாப்பாட்டுக்கு வீட்டில் இருக்கலாம். இந்த வாரக் கடைசியில் பாண்ட் நகலையும் கையோடு எடுத்துக்கொண்டு போங்கள்.